உட்கருவைத் தேடிய மாணவி

(குறுவள மையக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



நான் பணியாற்றும் காட்டுப்பள்ளிக்கு ஒருபுறம் வங்கக்கடல். மறுபுறம் உப்பங்கழியும் பக்கிங்காம் கால்வாயும். நீர் வற்றும்போது கழியோரச் சேற்றில் கரும்பச்சைத் தோல் போல ஒன்று படர்ந்திருக்கும். காலை வைத்தால் வழுக்கும். எங்கள் பிள்ளைகளுக்கு அது வெறும் பாசி.

ஒன்பதாம் வகுப்பில், "பாசியும் தாவரந்தான்" என்று சொல்லி, உட்கருவும் பசுங்கணிகமும் உள்ள செல்லைக் கரும்பலகையில் வரைந்தேன். மறுநாள் அந்தப் படலத்தில் ஒரு துணுக்கை நுண்ணோக்கியில் வைத்தோம். 400 மடங்கு பெரிதாக்கியபோது, காசுகளை அடுக்கியதுபோல் செல்கள் வரிசையாக அமைந்த இழைகள் தெரிந்தன. அது ஆசிலடோரியா. கசையிழை இல்லை, ஆனாலும் இழை மெல்ல வழுக்கி நகர்ந்தது. "டீச்சர், நகருது!" என்று வகுப்பே கூவியது.

ஒரு மாணவி மட்டும் கண்ணை எடுக்கவில்லை. "டீச்சர், நீங்க வரைஞ்ச உட்கருவைக் காணோமே?" என்றாள்.

"லென்ஸ் பழசும்மா" என்று சமாளித்தேன்.

"வெங்காயத் தோலுல இதே லென்ஸ்லதானே தெரிஞ்சுது?"

என்னிடம் பதில் இல்லை. அன்றிரவு புத்தகத்தைப் புரட்டினேன். தவறு லென்ஸில் இல்லை, என் படத்தில்தான். நீலப்பச்சைப்பாசி பாக்டீரியா வகையைச் சேர்ந்தது. அதன் டிஎன்ஏவைச் சுற்றி உறை கிடையாது. பசுங்கணிகமும் கிடையாது, பச்சையம் செல்லுக்குள் உள்ள தைலகாய்டு சவ்வுகளில் இருக்கிறது. பைக்கோசயனின் என்னும் நீல நிறமியும் அதனுடன் சேர்வதால்தான் அந்த நிறம்.

மறுநாள் "நான் சொன்னது தவறு" என்று சொல்லிப் படத்தை அழித்தேன். புதிய படத்தை அவளையே வரையச் சொன்னேன்.

அறிவியலும் இப்படித் திருத்திக்கொண்டதுதான். சென்னைப் பல்கலைக்கழகத்தின் டி. வி. தேசிகாச்சாரி 1959இல் வெளியிட்ட பெருநூலின் பெயர் 'சயனோபைட்டா'. 'பைட்டா' என்றால் தாவரம். இன்று நாம் சொல்வது சயனோபாக்டீரியா. பெயர் மாறினாலும், அவர் நுண்ணோக்கியில் கண்டு பதிவு செய்த விவரங்கள் இன்றும் பயன்படுகின்றன.

வயல் சூழ்ந்த ஊர்களில் பணியாற்றுவோர் அசோலா இலையை நசுக்கிப் பாருங்கள். அதனுள் வாழும் அனபீனா மணிமாலை போலத் தெரியும். இடையிடையே தடித்த சுவருடன் நிற்கும் செல்கள் ஹெட்டிரோசிஸ்ட்டுகள். நைட்ரஜனை நிலைநிறுத்தும் நொதியை ஆக்சிஜன் செயலிழக்கச் செய்துவிடும். எனவே இச்செல்கள் தாம் ஆக்சிஜனை வெளியிடாமல், தடித்த சுவரால் வெளி ஆக்சிஜனையும் தடுக்கின்றன. பக்கத்துச் செல்கள் உணவு தர, இவை நைட்ரஜனைத் தருகின்றன. வேலைப் பங்கீட்டுக்கு இதைவிட நல்ல பாடம் ஏது?

ஓர் எச்சரிக்கை: சில இனங்கள் நச்சை உண்டாக்கும். மாதிரியை ஆசிரியரே கையுறையுடன் எடுக்கட்டும். பிறகு எல்லோரும் சோப்பால் கை கழுவட்டும்.

படத்தை முதலில் வரையாதீர்கள். பிள்ளைகள் பார்க்கட்டும், கண்டதை வரையட்டும், அதன்பின் பெயர் சொல்லுங்கள். "காணோமே" என்று ஒரு குழந்தை சொன்னால், லென்ஸைக் குறை சொல்லும் முன் நம் படத்தை ஒருமுறை பார்த்துக்கொள்வோம்.