பருத்தி நூல் பிழைக்க வைக்கும் நண்டு

முத்தியால்பேட்டை சோலை நகர்க் கரையில், தங்கூசி என்னும் நைலான் வலையிலிருந்து நண்டு கழற்றுவதைப் பார்த்திருக்கிறீர்களா? கால் உடையாமல் எடுக்க வேண்டும். உடைந்தால் விலை போச்சு!

அதே வலை அறுந்து கடலுக்குள் போனால்? நைலான் சீக்கிரம் மக்காது. ஆளில்லாமலே பிடித்துக்கொண்டிருக்கும். தொலைந்த நண்டுக் கூண்டும் அப்படித்தான். அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில், பொழுதுபோக்காக நண்டு பிடிப்பவருக்கும் ஒரு சட்டம் உண்டு: கூண்டின் திறப்பைப் பருத்தி போன்ற இற்றுப்போகும் நூலால் கட்டியாக வேண்டும். கூண்டு தொலைந்தால் நூல் இற்றுப்போகும், நண்டு தப்பிவிடும். அதிகம் செலவில்லாத யோசனை!

நம் பக்கம் உள்ள விதி வேறு: ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடை, விசைப்படகுக்கு. கட்டுமரத்துக்கு இல்லை, அதனால் அப்போதும் மார்க்கெட்டில் நண்டு கிடைக்கும். வாங்கும்போது நண்டைத் திருப்பிப் பாருங்கள். வயிற்று மடல் குறுகலானால் ஆண், அகலமானால் பெண். அந்த மடலுக்கடியில் மஞ்சளாய் முட்டைக் கொத்து தெரிந்தால், எனக்கு வாங்க மனசு வராது.