இடது கை மறப்பதில்லை

(வாசகர் கூட்டமொன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



கறுப்பின இசையைப் பற்றிப் பேச்சு வந்தால் ஒரு பாராட்டு தவறாமல் வந்துவிடுகிறது: "அவங்க ரத்தத்துலயே இசை இருக்கு." கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் ரத்தம் என்று சொன்ன மாத்திரத்தில் அந்த மனிதரின் படிப்பு, உழைப்பு, யோசனை எல்லாம் கணக்கிலிருந்து அடிபட்டுப்போகிறது. எழுதிவைத்து வாசித்தால் அறிவு, அந்த நொடியில் புனைந்து வாசித்தால் வெறும் உணர்ச்சி. இந்தப் பாராட்டுக்குள் இருக்கிற அரசியல் இதுதான். அதை உடைக்கிற ஓர் இசைத்தட்டைப் பற்றிப் பேசலாம்னு வந்தேன்.

'ஆப்பிரிக்கன் பியானோ' அதன் பெயர். வாசித்தவர் தென்னாப்பிரிக்காவின் டாலர் பிராண்ட், பின்னாளில் அப்துல்லா இப்ராஹிம். 1969 அக்டோபர் 22 அன்று டென்மார்க்கின் கோபன்ஹேகன் நகரில், மொன்மார்த் ஜாஸ் விடுதியில், ரசிகர்கள் முன்னால் பதிவானது. கூட டிரம்ஸ் கிடையாது, பாஸ் கிடையாது. ஒரு மனிதர், ஒரு பியானோ.

இந்த மனிதர் எங்கே படித்தார்? 1934இல் கேப்டவுனில் பிறந்தவர். பாட்டி ஆப்பிரிக்க மெதடிஸ்ட் எபிஸ்கோபல் சபையின் கோயிலில் பியானோ வாசித்தவர். வெள்ளையரின் சபையில் அவமானப்பட்ட அமெரிக்கக் கறுப்பர்கள் 1816இல் தங்களுக்கென்று உண்டாக்கிய சபை அது. ஏழு வயதில் பியானோ கற்கத் தொடங்கினார். கோயிலில் துதிப்பாடல்; சேரித் தெருவில் மாராபி இசை; துறைமுகத்துக்கு வந்த அமெரிக்கர்களிடம் வாங்கிய ஜாஸ் தட்டுகள். எலிங்டனையும் மங்க்கையும் அப்படித்தான் பாடம் பண்ணினார். இதெல்லாம் ரத்தத்தில் வந்ததா?

1950இல் நிறவெறி அரசு மக்களை இனவாரியாகப் பதிவு செய்யவும், இனத்துக்கொரு வட்டாரம் ஒதுக்கவும் சட்டங்கள் போட்டது. 1960இல் ஷார்ப்வில் துப்பாக்கிச் சூடு. அரசுக் கணக்கிலேயே 69 பேர் பலி. 1962இல் இவர் நாட்டை விட்டு ஐரோப்பா போனார். 1966இல் கேப்டவுனின் 'டிஸ்ட்ரிக்ட் சிக்ஸ்' பகுதியை வெள்ளையர் பகுதியாக அறிவித்தார்கள். அடுத்த பதினைந்து ஆண்டுகளில் சுமார் 60,000 பேரை விரட்டி, வீடுகளை இடித்துத் தள்ளினார்கள். கோபன்ஹேகனில் அவர் பியானோ முன் உட்கார்ந்தபோது ஊரில் நடந்துகொண்டிருந்தது இது.

இப்போது தட்டைக் கேட்போம். முதல் உருப்படி 'பிரா ஜோ ஃப்ரம் கிலிமஞ்சாரோ'. 'பிரா' என்றால் நம்ம பேச்சில் அண்ணன். இடது கை ஒரு சின்னச் சுற்றைப் பிடித்துக்கொள்கிறது. திரும்பத் திரும்ப அதே சுற்று, பத்து நிமிடத்துக்கு மேல். அதன் மேல் வலது கை பேசுகிறது, சண்டை போடுகிறது, சுரங்களைக் கொத்தாக அள்ளி அடிக்கிறது. வலது கை இத்தனை கலகம் பண்ணும்போது இடது கை தாளம் தப்பாமல் நிற்க வேண்டுமே! செய்து பார்த்தவர்களுக்குத் தெரியும், அது எத்தனை வருஷ உழைப்பென்று.

உருப்படிகளுக்கு நடுவே பெரிதாக நிறுத்தமே இல்லை. துதிப்பாடல் சாயல் வரும், தெருநடனம் வரும், ஒன்று இன்னொன்றில் கரையும். 'கிப்பி' என்றொரு உருப்படி, உடன் வாசித்த சாக்ஸபோன் கலைஞர் கிப்பி மொகெட்சியின் பெயரில். ஊரை விட்டு வந்தவர் ஊர்க்காரன் பேரைச் சொல்லி வாசிக்கிறார்.

அந்த நொடியில் புனைவது என்றால் வெறுங்கையோடு தொடங்குவது என்று நினைக்கிறோம். எனக்கு இதில் கேட்பது நேர்மாறானது. பட்டயத்திலும் பதிவேட்டிலும் இடம் கிடைக்காத வாழ்க்கையைக் கைவிரலில் சேர்த்து வைத்திருக்கிறார். தேவைப்படும்போது எடுத்து, வேறு வரிசையில் அடுக்குகிறார்.

1974இல் ஊருக்கு வந்திருந்தபோது 'மானன்பெர்க்' பதிவானது. அதுவும் பெருமளவு பதிவுக்கூடத்திலேயே புனைந்ததுதான். விரட்டப்பட்டவர்களில் பலரைக் கொண்டுபோய் வைத்த குடியிருப்பின் பெயர் அது. 1980களில் போராட்டக் களத்தில் அந்த இசை மக்களின் கீதமாகவே ஆனது.

தட்டு கையில் கிடைத்தால் தோழர்கள் ஒன்று செய்யுங்கள். முதல் தடவை வலது கையின் வித்தைகளை விட்டுவிட்டு, இடது கையை மட்டும் பின்தொடருங்கள். கடைசிவரை பொறுமையாகக் கேளுங்கள். அப்புறம் பேசுவோம்.