சிறைக்கதவும் வீட்டுவாசலும்

(விழா அரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

விழா மேடையில் சிறைச்சாலையைப் பற்றிப் பேசலாமா என்று சிலர் எண்ணக்கூடும். வினை செய்தவன் அதன் பயனைத் துய்த்தே ஆகவேண்டும் என்பது நாம் வழிவழியாகக் கேட்டுவரும் உண்மை. அதனை ஏற்கும் நாமே, அவ்வினையில் பங்கில்லாத தாயும் தந்தையும் மக்களும் எவ்வளவு துய்க்கவேண்டும் என்று கேட்கவும் கடமைப்பட்டவர்கள். அக்கேள்விக்குச் சட்டம் தரும் விடைகளுள் ஒன்று சிறை விடுப்பு. செய்தித்தாள்கள் இதனைப் 'பரோல்' என்கின்றன.

அரசியலமைப்பின் ஏழாம் அட்டவணைப்படி சிறைகள் மாநிலங்களின் அதிகாரத்திற்கு உட்பட்டவை. ஆதலால் விடுப்பு விதிகளும் மாநிலந்தோறும் வேறுபடுகின்றன. தமிழ்நாட்டில் 1982ஆம் ஆண்டின் தண்டனை நிறுத்திவைப்பு விதிகள் இருவகை விடுப்பைக் கூறுகின்றன. பெற்றோர், வாழ்க்கைத்துணை, மக்கள், உடன்பிறந்தோர் ஆகியோரின் மரணம் அல்லது கடும் நோய், நெருங்கிய உறவினரின் திருமணம் ஆகியவற்றிற்கு உரியது அவசர விடுப்பு. குடும்பத்தின் பிழைப்புக்கு வழிசெய்தல், பிள்ளைகளைப் பள்ளியில் சேர்த்தல், வீட்டைப் பழுதுபார்த்தல், பாகப்பிரிவினைச் சிக்கலைத் தீர்த்தல், உழவுப்பணி போன்றவற்றிற்கு உரியது சாதாரண விடுப்பு. ஓர் இல்லறத்தானின் கடமைகள் அனைத்தும் இப்பட்டியலில் அடங்கியுள்ளன. கைதியான பின்னரும் ஒருவன் மகனாகவும் தந்தையாகவும் இருக்கிறான் என்பதை விதிகளே ஒப்புக்கொள்கின்றன.

உச்ச நீதிமன்றமும் 2017ஆம் ஆண்டு அஷ்பக் வழக்கில், சிறைவாசிகளும் சிறிது காலமேனும் வெளிக்காற்றைச் சுவாசித்துக் குடும்ப உறவைப் பேணவேண்டும் என்று கருத்துரைத்தது. சமுதாயத்தின் பாதுகாப்பையும் உடன்வைத்து எடைபோடவேண்டும் என்பதையும் அது வலியுறுத்தத் தவறவில்லை.

அதே ஆண்டு ஆகஸ்டில், இராஜீவ் காந்தி கொலை வழக்கில் 26 ஆண்டுகள் சிறையிலிருந்த பேரறிவாளன், நோயுற்ற தந்தையைக் காண 30 நாள் விடுப்பில் முதன்முறையாக வீடு வந்தார். விடுப்பு மேலும் ஒரு திங்கள் நீட்டிக்கப்பட்டது. அது முடிந்ததும் சிறைக்குத் திரும்பினார். அதே வழக்கில் தண்டனை பெற்ற நளினி, 2019இல் மகளின் திருமண ஏற்பாட்டிற்காக ஆறு திங்கள் விடுப்புக் கேட்டுச் சென்னை உயர் நீதிமன்றத்தில் தாமே வாதாடினார். நீதிமன்றம் 30 நாள் வழங்கிப் பின்னர் மூன்று வாரம் நீட்டித்தது. அவரும் நாள் முடிந்ததும் திரும்பினார்.

இங்கே ஒரு கேள்வி எழும். திருப்பெரும்புதூரில் அன்று உயிரிழந்தோர் ஒருநாள் விடுப்பிலேனும் வீடு திரும்புவார்களா? இக்கேள்வியைத் தட்டிக்கழிக்க எவருக்கும் உரிமையில்லை. இழந்தவர்களின் துயரத்திற்கு ஈடு கிடையாது. ஆனால் விடுப்பு என்பது மன்னிப்பு அன்று, விடுதலையும் அன்று. தீர்ப்பில் ஓர் எழுத்தும் மாறுவதில்லை. நோயுற்ற முதியவர் தம் மகனைக் காணாமலே கண்மூடுவதால் இறந்தவர் எவருக்கும் நீதி கூடிவிடுவதும் இல்லை. பாதிக்கப்பட்டோருக்கு அச்சம் உண்டெனில், ஊர் குறித்தும் காவல் குறித்தும் நிபந்தனை விதிப்பதே முறை.

உண்மையான இடர் வேறோர் இடத்தில் இருக்கிறது. புகழ்பெற்ற வழக்குகளில் வழக்கறிஞர்கள் உண்டு, செய்தியாளர்கள் உண்டு. பெயரறியாத ஏழைக் கைதிக்கு யார் உண்டு? தாய் இறந்த செய்தி சிறைக்குச் சேரவேண்டும், அது மெய்யென உறுதிப்படவேண்டும், ஆணை பிறக்கவேண்டும், வழிக்காவல் தேவையெனில் காவலர் கிடைக்கவேண்டும். கோப்பு நகர்வதற்குள் சிதை எரிந்து முடிந்துவிடும். நம் வழக்கில் உடலை நெடுநேரம் வைத்திருப்பதில்லை என்பதை எண்ணிப்பாருங்கள். சாதாரண விடுப்பிலோ, அவன் தங்க ஒரு வீடும் பொறுப்பேற்க ஓர் உறவினரும் வேண்டும். உறவு கைவிட்டவனுக்கு விதி இருந்தும் வழி இல்லை.

நாம் செய்யக்கூடியவை சில உள்ளன. 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையங்கள் சட்டப்படி, காவலில் உள்ள எவரும் இலவசச் சட்ட உதவி பெறலாம். மாவட்டந்தோறும் அதற்கான ஆணைக்குழு இருக்கிறது. இதனை அறியாத குடும்பம் உங்கள் தெருவிலேயே இருக்கலாம். அங்கே சென்று சொல்லுங்கள். மனு எழுதத் தெரியாதவருக்கு எழுதிக்கொடுங்கள். மருத்துவச் சான்று பெற உடன்செல்லுங்கள். விசாரணைக்கு அலுவலர் ஊருக்கு வரும்போது, தெரிந்த உண்மையைத் தயங்காமல் கூறுங்கள். விடுப்பில் வந்தவனின் வீட்டுப் பிள்ளைகளை மற்றப் பிள்ளைகளோடு விளையாட விடுங்கள்.

உயிர்களுக்கு ஊறு செய்யாமை நமக்கு முதல் அறம். குற்றம் செய்யாத குடும்பத்திற்குத் தண்டனை நீளாமல் காப்பதும் அவ்வறத்தின் பாற்பட்டதே.