மண்ணுக்குக் கீழே நடக்கிற வேலை



நான் மயிலிட்டிக்காரன். யாழ்ப்பாணத்தின் வடக்குக் கரையில் இருக்கிறது எங்கட ஊர். என்னை மரங்களைப் பற்றிப் பேசச் சொன்னார்கள். விடிந்தால் பொழுதுபட்டால் மலையில் நிற்கிற உங்களுக்கு மரத்தைக் காட்ட நான் யார்? அதனால் கண்ணுக்குத் தெரியாத வேரைப் பற்றிச் சொல்கிறேன்.

எங்கட பக்கம் கொஞ்சம் தோண்டினாலே சுண்ணாம்புக்கல். அதிலே பனை நிற்கிறது. பனங்கொட்டையை மண்ணில் போட்டால் மற்ற விதைகள் போல மேலே எட்டிப் பார்க்காது. முளை முதலில் கீழேதான் இறங்கும். அங்கே கிழங்கு கட்டும். மூன்று நாலு மாதத்தில் பிடுங்கி அவித்துத் தின்கிறோமே, பனங்கிழங்கு, அதுதான். பிடுங்காமல் விட்டால் ஓலை வரும். பிறகு பல வருஷம் வடலியாகவே நிற்கும். பார்க்கிறவர் "இது வளராது" என்பார். அதுவோ நிலத்தடியில் அடிமரத்தைப் பருக்க வைத்துக்கொண்டிருக்கும். பனைக்கு ஆணிவேர் கிடையாது. அடியிலிருந்து நூற்றுக்கணக்கான வேர்கள் கயிறு கயிறாகப் புறப்பட்டுக் கல் வெடிப்புக்குள் நுழைந்துவிடும். பாளை விடப் பன்னிரண்டு, பதினைந்து வருஷம், சில வேளை அதற்கும் மேலே.

1990 ஜூனில் ஊரை விட்டு எழும்பினோம். துறைமுகப் பக்கம் விடுபட்டது 2017 ஜூலையில். கணக்குப் பாருங்கள், விழுந்த கொட்டை ஒன்று பனையாகிக் காய்க்கிற காலம் அது.

உங்கட தேயிலைக்கு வருவோம். விதை போட்டு வந்த பழைய தேயிலைக்கு ஆணிவேர் ஆழமாக ஓடும். தண்டு வெட்டி நட்ட வீ.பி. தேயிலைக்கு அது இல்லை, பக்கவேர்தான். கொழுந்து நிறைய வரும், ஆனால் கடும் வெயிலில் முதலில் வாடுவதும் அதுதான். வீட்டுப் பக்கம் பலாக்கன்று நடும்போதும் கவனியுங்கள். பொலித்தீன் பைக்குள் சுற்றிக்கொண்ட வேரை நீட்டிவிட்டு நடவேண்டும். அப்படியே வைத்தால் வேர் சுற்றிக்கொண்டே இருக்கும், மரம் பிடிப்பில்லாமல் நிற்கும்.

கிறிஸ்மஸ் வாழ்த்து மடலில் கூம்பு போல ஒரு மரம் பார்த்திருப்பீர்கள். ஸ்புரூஸ் என்ற இனம். அதன் வேர் பெரும்பாலும் ஆழம் போகாமல் தட்டுப் போலப் படரும். 1999 டிசெம்பரில் ஐரோப்பாவில் அடித்த புயலில் ஜேர்மனியின் கறுப்புக் காட்டில் இந்த மரங்கள் ஏராளமாகச் சாய்ந்தன. மேலே எவ்வளவு பெரிய மரம்!

லயத்துக்குப் பின்னால் இடம் எடுக்க மண்ணை வெட்டுகிறோம். அப்போது மேலே நிற்கிற மரத்தின் ஒரு பக்க வேரும் போய்விடுகிறது. உடனே தெரியாது, மழையோடு காற்று வரும்போது தெரியும். மரத்தடியில் மண் வளைவாக வெடித்திருந்தால், சாய்வு கூடியிருந்தால், அன்றைக்கு அந்தப் பக்க அறையில் பிள்ளைகளைப் படுக்க வைக்காதீர்கள். தோட்ட அலுவலகத்துக்கும் கிராம உத்தியோகத்தருக்கும் எழுத்தில் கொடுங்கள்.

இன்னொன்று. மரம் இருக்கிறது, மலை சரியாது என்று நம்பி இருக்க வேண்டாம். வேர் மேல்மண்ணைத்தான் பிடிக்கும். ஆழத்தில் மலையே நகர்ந்தால் தாங்காது. 2014 ஒக்டோபர் 29இல் கொஸ்லந்தை மீரியபெத்தையில் லயங்கள் மண்ணுக்குள் போனதை நீங்கள் மறந்திருக்க மாட்டீர்கள். எழும்பிப் போகச் சொல்லி எச்சரிக்கை வந்தால், சாமான் கட்ட நிற்காமல் போங்கள்.