நாய்ச் சாப்பாட்டுப் பையை வாசிப்பது யார்?

(மாலைநேர உரை நிகழ்ச்சியில் வாசிக்கப்பட்டது)



நாய்ச் சாப்பாட்டைப் பற்றி வானொலியில் பேசப் போகிறேன் என்று வீட்டில் சொன்னபோது என் மனைவி சிரித்தார். "சனம் எவ்வளவு பிரச்சினையோட இருக்குது, நீங்கள் நாய்ச் சாப்பாடு கதைக்கப் போறியள்" என்றார். அதிலும் நியாயம் உண்டு. ஆனால் இன்றைக்கு லண்டனில் எங்கள் ஆட்களின் வீடுகளில் எத்தனை நாய்கள், பூனைகள் நிற்கின்றன என்று ஒருமுறை யோசித்துப் பாருங்கள். 2020 ஆம் ஆண்டு கொரோனா முடக்கத்தில் பிள்ளைகள் அழுதார்கள், நாங்களும் வாங்கிக் கொடுத்தோம். நாய் வந்தது ஒருநாள் செலவு. அதன் சாப்பாடு மாதா மாதம் வருகிற செலவு.

நான் லண்டனுக்கு வெளிப்புறத்தில் உள்ள ஒரு செல்லப்பிராணிகள் கடையில் பதினான்கு வருடமாக வேலை செய்கிறேன். அதற்கு முன்னர் பெற்றோல் நிலையம், அதற்கு முன்னர் இறைச்சிக்கடை. ஆகவே நான் வைத்தியனும் அல்ல, விஞ்ஞானியும் அல்ல. பைகளைத் தூக்கி அடுக்குகிறவன். பையின் முன்பக்கத்தில் எழுதியிருப்பதும் பின்பக்கத்தில் எழுதியிருப்பதும் எனக்குப் பாடம்.

எங்கள் வீட்டில் நிற்பது ஒரு கொக்கப்பூ. இந்தப் பெயரை ஊரில் இருக்கும் அக்காவுக்குத் தொலைபேசியில் விளங்கப்படுத்த நான் பட்ட பாட்டை இங்கே சொல்ல நேரம் போதாது. என் மகள் அதற்கு ஆறு கிலோப் பை ஒன்றை வாங்குவாள், நாற்பத்திரண்டு பவுண். ஒரு மாதத்துக்குக் காணும். அதற்கு மேலே பல்லுக்கு ஒரு குச்சி, வயிற்றுக்கு ஒரு தூள், சாப்பாட்டின் மேல் ஊற்ற ஒரு குழம்பு. எல்லாம் கூட்டிப் பார்த்தால் எழுபது பவுண் தாண்டும். கிளிநொச்சியில் இருக்கும் அக்காவுக்கு நான் மாதம் அனுப்புவது அறுபது பவுண். இதை ஒருநாள் இரவு வங்கிக் கணக்கைப் பார்க்கும்போதுதான் கவனித்தேன். பக்கத்துப் பக்கத்து வரிகளில் இரண்டும் கிடந்தன.

மகளிடம் கேட்டேன், ஏன் இவ்வளவு விலையில் வாங்க வேண்டும் என்று. "அப்பா, இது கிறெய்ன் ஃபிறீ. மலிவுச் சாப்பாட்டில அரிசி போடுவினம். அரிசி சும்மா வயிற்றை நிரப்பத்தான், நாய்க்குக் கூடாது" என்றாள். சோற்றைத் தின்று வளர்ந்த பரம்பரையில் பிறந்த பிள்ளை சொன்ன வார்த்தை இது! எனக்குக் கோபம் வரவில்லை, சிரிப்புத்தான் வந்தது. ஏனென்றால் அந்த வசனத்தைக் கடையில் நாங்களே ஆயிரம் பேருக்குச் சொல்லியிருக்கிறோம்.

இந்த வியாபாரம் எங்கே தொடங்கியது என்று நினைக்கிறீர்கள்? இதே லண்டனில்தான். 1860களில் ஜேம்ஸ் ஸ்பிறாற் என்ற அமெரிக்கர் இங்கே நாய் பிஸ்கற் செய்து விற்கத் தொடங்கினார். கப்பலில் இருந்து எறிந்த பிஸ்கற்றைத் துறைமுகத்து நாய்கள் தின்பதைக் கண்டு அவருக்கு இந்த யோசனை வந்ததாகக் கதை சொல்வார்கள். அவர் முதலில் குறிவைத்தது ஏழைகளை அல்ல, வேட்டைநாய் வளர்த்த கனவான்களை. அந்தக் கம்பனியின் தொழிற்சாலைக் கட்டடம் கிழக்கு லண்டன் பொப்லரில் கால்வாய்க் கரையில் இன்றும் நிற்கிறது, இப்போது அதில் ஆட்கள் குடியிருக்கிறார்கள். அதே கம்பனியில் வேலை பார்த்த சார்ள்ஸ் கிறஃப்ற் என்பவர்தான் 1891 இல் இஸ்லிங்ரனில் தன் பெயரில் நாய்க் கண்காட்சியைத் தொடங்கினார். இன்றைக்கும் தொலைக்காட்சியில் காட்டுகிறார்களே, அந்தக் 'கிறஃப்ற்ஸ்' அதுதான். ஆக, பணக்காரனின் நாய் இதைத்தான் தின்னும், உன் நாயும் தின்னட்டும் என்ற விற்பனை நூற்றைம்பது வருடத்துக்கு மேல் பழையது.

நியாயத்தையும் சொல்ல வேண்டும். உயர்ந்த விலைச் சாப்பாடு எல்லாம் வெறும் ஏமாற்று அல்ல. 1939 இல் அமெரிக்காவில் பார்வையற்ற ஒருவருக்கு வழிகாட்டிய 'படி' என்ற நாய்க்குச் சிறுநீரகம் பழுதானது. மார்க் மொறிஸ் என்ற மிருக வைத்தியர் அதற்கென்று தனிச் சாப்பாடு தயாரித்துக் கொடுத்தார். இன்று வைத்தியசாலைகளில் விற்கும் ஹில்ஸ் உணவின் தொடக்கம் அது. பூனைக் கதை இன்னொன்று. பூனைக்கு டோரின் என்ற சத்து உணவில் இருந்து கிடைத்தே ஆகவேண்டும். 1987 இல் கலிபோர்னியாவில் போல் பையன் என்ற வைத்தியரும் சகாக்களும், அது குறைந்தால் பூனையின் இதயத் தசை தளர்ந்து பெருத்துவிடும் என்று கண்டுபிடித்தார்கள். அந்தப் பூனைகள் தின்றது குப்பையை அல்ல, கடையில் வாங்கிய நல்ல பெயருள்ள உணவை. அதன் பிறகு கம்பனிகள் டோரினைக் கூட்டிப் போட்டன. ஆகவே ஆராய்ச்சிக்குக் காசு செலவழிக்கிற கம்பனிக்கு நான் மரியாதை கொடுக்கிறேன். பையின் அழகுக்குச் செலவழிப்பவரைப் பற்றித்தான் எனக்குச் சந்தேகம்.

இப்போது கிறெய்ன் ஃபிறீக்கு வருவோம். தானியம் இல்லாத சாப்பாட்டில் அரிசிக்கும் சோளத்துக்கும் பதிலாகப் பெரும்பாலும் பட்டாணி, பருப்பு, உருளைக்கிழங்கு போடுவார்கள். 2018 யூலையில் அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் ஒரு விசாரணையை அறிவித்தது. அப்படியான உணவு தின்ற சில நாய்களுக்கு, முன்னர் பூனைகளுக்கு வந்த அதே மாதிரி இதய நோய் வருவதாக முறைப்பாடுகள் வந்திருந்தன. 2019 யூனில், முறைப்பாடுகளில் அதிகம் அடிபட்ட 16 கம்பனிப் பெயர்களை வெளியிட்டார்கள். முறைப்பாட்டில் வந்த உணவுகளில் 90 வீதத்துக்கு மேல் தானியம் இல்லாதவை. ஆனால் இதுதான் காரணம் என்று நிரூபிக்கப்படவில்லை. 2022 டிசம்பரில், கையிலுள்ள தரவுகள் போதாது, புதிதாக ஏதும் தெரிய வந்தால் ஒழிய இனி அறிக்கை விடமாட்டோம் என்று சொல்லிவிட்டார்கள். எனவே அந்தப் பை நஞ்சு என்று நான் சொல்லவில்லை. கூடுதல் விலை கொடுத்தால் கூடுதல் பாதுகாப்பு என்று நம்பினோமே, அந்த நம்பிக்கைக்கு ஆதாரம் இல்லை என்றுதான் சொல்கிறேன். நாய்களுக்கு உணவால் வரும் ஒவ்வாமையிலும் மாட்டிறைச்சி, பால், கோழி ஆகியவைதான் முன்னுக்கு நிற்கின்றன. அரிசி வெகு பின்னால்.

அப்படியானால் ஏன் இவ்வளவு பேர் வாங்கினார்கள்? அந்த நேரத்தில் மனிசர் தாங்களே பாணையும் மாவையும் விட்டுக்கொண்டிருந்தார்கள். கடையில் நான் கண்டது இதுதான்: மனிசர் தங்கள் சாப்பாட்டில் எதற்குப் பயப்படுகிறார்களோ, அது இரண்டொரு வருடத்தில் நாயின் பையிலும் வந்துவிடும். பிறகு பச்சை இறைச்சி வந்தது, பிறகு வீட்டுச் சமையல் போலச் செய்து குளிர்ப்பெட்டியில் வாசலுக்கு அனுப்பும் சாப்பாடு, பிறகு பூச்சிப் புரதம். 2025 பெப்ரவரியில், ஆய்வுகூடத்தில் கலங்களில் இருந்து வளர்த்த கோழியிறைச்சி சேர்த்த நாய்த் தின்பண்டத்தை மேற்கு லண்டன் பிறென்ற்ஃபோர்ட்டில் ஒரு கடையில் விற்பனைக்கு வைத்தார்கள். உலகத்திலேயே முதல் தடவை என்றார்கள். மனிசனுக்கு இந்த நாட்டில் இன்னும் அது விற்பனைக்கு வரவில்லை, நாய்க்கு வந்துவிட்டது.

இன்னொரு வேடிக்கை, பின்பக்கத்தில் 'இறைச்சியும் விலங்குப் பகுதிகளும்' என்று எழுதியிருந்தால் வெள்ளைக்காரர் முகம் சுளிப்பார்கள். அது ஈரல், நுரையீரல், குடல் போன்றவை. மனிசர் சாப்பிடத் தகுந்ததென்று பரிசோதித்து விட்ட மிருகங்களில் இருந்துதான் அவை வரவேண்டும் என்பது இங்குள்ள சட்டம். ஞாயிற்றுக்கிழமை ஆட்டுக்குடல் கறிக்கு வரிசையில் நிற்கிற நாங்கள், 'உள்ளுறுப்புகள் அற்றது' என்று எழுதிய பைக்குக் கூடக் காசு கொடுக்கிறோம். நாய் கேட்டதா?

சிறிய, வீட்டுத்தனமான பெயர்களைப் பார்த்தும் மயங்க வேண்டாம். 2008 இல் தன் நாயின் தோல் வருத்தத்துக்காக ஒரு பெண்மணி இங்கே தொடங்கிய 'லிலிஸ் கிச்சன்' நல்ல பெயர் எடுத்தது. 2020 இல் அதை நெஸ்லே வாங்கியது. றோயல் கெனினும் பெடிகிறியும் விஸ்காஸும் சொக்கிலேற் செய்கிற மார்ஸ் கம்பனியுடையவை. ஹில்ஸ், பற்பசை செய்கிற கொல்கேற்றுடையது. பல பெயர்கள் ஒரே தொழிற்சாலையில் செய்யப்படுவதும் உண்டு. 2007 இல் வட அமெரிக்காவில் மெலமைன் கலந்த கோதுமைப் புரதத்தால் நாய்களும் பூனைகளும் செத்தபோது, ஒன்ராறியோவைத் தலைமையிடமாகக் கொண்ட ஒரே கம்பனி சுமார் 6 கோடிப் பேணிகளையும் பொதிகளையும் திரும்பப் பெற்றது. அதில் ஐயாம்ஸ் போன்ற விலை கூடிய பெயரும் இருந்தது, வோல்மார்ட்டின் மலிவுப் பெயரும் இருந்தது.

சரி, எதைப் பார்த்து வாங்குவது? 'பிறிமியம்' என்ற சொல்லைப் பார்த்து அல்ல. அதற்குச் சட்டத்தில் வரைவிலக்கணம் கிடையாது, எவரும் எழுதலாம். பின்பக்கத்தில் 'கொம்ப்ளீற்' என்று இருக்கிறதா என்று பாருங்கள். அதற்கு அர்த்தம் உண்டு: வேறெதுவும் கொடுக்காமல் அதை மட்டும் கொடுத்தாலும் அந்த மிருகத்துக்குத் தேவையான சத்து முழுவதும் இருக்க வேண்டும். ஒரு பவுண் பேணியாக இருந்தாலும் சரி, பத்துப் பவுண் பேணியாக இருந்தாலும் சரி. 'கொம்ப்ளிமென்ரறி' என்று இருந்தால் அது துணைச் சாப்பாடு. விலை கூடிய சில மீன் பேணிகள், திறந்தால் எங்களுக்கே வாயூறும், அவை இந்த வகை. பூனைக்கு அதை மட்டும் வைத்து வளர்க்கக் கூடாது.

கோழியைப் பற்றியும் ஒரு சொல். 'வித் சிக்கன்' என்று எழுத 4 வீதம் கோழி இருந்தால் போதும். 'ரிச் இன் சிக்கன்' என்றால் 14 வீதம். 'சிக்கன் ஃபிளேவர்' என்றால் 4 வீதமும் தேவையில்லை. படத்தில் முழுக் கோழி நிற்கும்.

தண்ணீர்க் கணக்கும் பாருங்கள். ஈரச் சாப்பாட்டுப் பேணியில் ஏறக்குறைய 80 வீதம் தண்ணீர். 400 கிராம் பேணியில் சாப்பாடு 80 கிராம்தான். உலர் சாப்பாட்டில் தண்ணீர் 10 வீதம் அளவில்தான். விலைச்சீட்டில் 100 கிராமுக்கு இவ்வளவு என்று இரண்டுக்கும் ஒரே மாதிரி எழுதியிருப்பார்கள். ஆகவே ஒருநாளைக்கு எத்தனை கிராம் போடச் சொல்கிறது என்று பார்த்து, ஒருநாள் செலவைக் கணக்கிடுங்கள். சில வேளைகளில் விலை கூடிய பைதான் மலிவாக வரும், அதையும் ஒத்துக்கொள்கிறேன்.

வரியைச் சொல்ல மறந்துவிட்டேன். இந்த நாட்டில் மனிசர் சமைக்கும் அரிசி, பருப்புக்கு வற் வரி இல்லை. செல்ல நாயின் சாப்பாட்டுக்கு 20 வீதம். ஆனால் 'வேர்க்கிங் டோக்', அதாவது வேலை செய்யும் நாய்க்கென்று செய்து விற்கும் சாப்பாட்டுக்கு அந்த வரி இல்லை. உங்கள் நாய் என்ன வேலைக்குப் போகிறது என்று கடையில் எவரும் கேட்பதில்லை. ஆனால் சில பைகளில் கொழுப்புக் கூட, சோபாவில் படுக்கிற நாய் கெதியாகப் பெருத்துவிடும். அளந்து போடுங்கள்.

இதைக் கேட்டுவிட்டு, "பேந்தென்ன, எங்கட சோறு கறியையே போடுவம்" என்று யாரும் முடிவெடுக்க வேண்டாம். வெங்காயமும் உள்ளியும் நாயின் இரத்தச் சிவப்பணுக்களை அழிக்கும், குழம்பிலே கரைந்திருந்தாலும் சரி. முந்திரிகை வத்தல் சிறுநீரகத்தைக் கெடுக்கும், நத்தார் கேக்கில் கவனம். காசு கஷ்டம் என்றால் வெட்கப்பட வேண்டாம், புளூ குறொஸ் போன்ற அமைப்புகள் செல்லப்பிராணி உணவு வங்கி நடத்துகின்றன.

எங்கள் வீட்டில் என்ன நடந்தது? மகளோடு சண்டை பிடிக்கவில்லை. இரண்டு பைகளின் பின்பக்கத்தையும் மேசையில் வைத்து அவளையே வாசிக்கச் சொன்னேன். வைத்தியரிடமும் கேட்டோம். பத்து நாளில் கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்து, அரிசி சேர்ந்த, நடுத்தர விலைச் சாப்பாட்டுக்கு மாற்றினோம். குழம்பும் தூளும் நின்றுவிட்டன. பல்லுக்குத் தூரிகை வாங்கினோம். மாதச் செலவு முப்பது பவுணுக்குள் வந்தது. நாய்க்கு வித்தியாசம் தெரிந்ததாகத் தெரியவில்லை. மகள் முதல் இரண்டு கிழமையும் குற்றவாளி மாதிரித்தான் கிண்ணத்தை வைத்தாள்.

அவளைக் குறைசொல்ல என்னால் முடியாது. 1995 ஒக்ரோபர் கடைசியில் நாங்கள் கோண்டாவிலை விட்டு வெளிக்கிட்டபோது எங்கள் ஜிம்மிக்கு ஒரு சட்டியில் சோறும் மீன்தலையும் வைத்து, இன்னொரு சட்டியில் தண்ணீரும் வைத்துவிட்டுத்தான் படலையைச் சாத்தினோம். சாவகச்சேரி போகும்வரை அம்மா அந்தச் சட்டி காணுமா காணுமா என்று கேட்டுக்கொண்டு வந்தா. இப்போதும் கடையில் ஒருவர் வந்து "இருப்பதிலேயே நல்லது எது?" என்று கேட்டால், விலை கூடிய பையைக் காட்ட முன்னர் எனக்கு அந்தச் சட்டி ஞாபகம் வரும்.

அக்கா சிலநேரம் கேட்பா, "உங்க நாய் என்ன சாப்பிடும்?" என்று. "நாங்கள் சாப்பிடுறதுதான்" என்று இவ்வளவு காலமும் பொய் சொல்லி வந்தேன். போன கிழமை உண்மையைச் சொன்னேன், விலையோடு. கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அரிசியும் போட்டிருக்கோ?" என்று கேட்டா. போட்டிருக்கு என்றேன்.