ஹாம்பர்க் நகரத்து மருந்தாளர்



மருந்தாக்கக் கலையின் சரித்திரத்தை ஆராயக் கூடியிருக்கும் இம்மாநாட்டுக்குத் தலைமை தாங்கும் பொறுப்பை எனக்களித்த அன்பர்களுக்கு என் வந்தனத்தைத் தெரிவித்துக்கொண்டு, பவுல் கார்ல் பையர்ஸ்டார்ப் என்னும் ஜெர்மானிய மருந்தாளரைப் பற்றிச் சிறிது பேச விரும்புகிறேன். அவர் பெயர் பூண்ட ஸ்தாபனம் நிவியா களிம்பினால் உலகப் பிரசித்தி பெற்றுவிட்டது. ஆனால், அவர் 1896-ல் காலமாகிப் பதினைந்து ஆண்டுகள் சென்ற பின்னரே வெளிவந்த அந்தக் களிம்பின் புகழ், அவர் உண்மையில் செய்த காரியத்தைத் திரையிட்டு மறைத்துவிட்டது என்பது என் அபிப்பிராயம்.

1836-ல் நாய்ருப்பின் என்னும் ஊரில் பிறந்த பையர்ஸ்டார்ப், 1880-ல் ஹாம்பர்க் நகரில் ஒரு மருந்துக்கடையை விலைக்கு வாங்கினார். அக்காலத்தில் பிளாஸ்திரி என்பது, ஈய பஸ்பத்தை எண்ணெயிலிட்டுக் காய்ச்சிய குழம்பில் மருந்தைக் கலந்து, சூடேற்றிய கரண்டியால் தோலின்மீதோ துணியின்மீதோ மருந்தாளர் தம் கையாலேயே தடவிக் கொடுக்கும் பொருளாக இருந்தது; ஓரிடத்தில் தடித்தும் ஓரிடத்தில் மெலிந்தும் படியும் அப்பூச்சில், நோயாளியின் மேனியில் எவ்வளவு மருந்து சேர்கிறது என்பதை வைத்தியராலும் சொல்ல இயலவில்லை. உள்ளுக்குக் கொடுக்கும் மருந்தைத் தராசில் நிறுத்துக் கொடுத்த சாஸ்திரம், மேலுக்கிடும் மருந்தை மட்டும் கைப்பழக்கத்துக்கு விட்டுவைத்திருந்தது.

இந்தக் குறையால் வருந்தியவர், அதே நகரில் சரும நோய்களுக்குச் சிகிச்சை செய்துவந்த பவுல் கெர்சன் உன்னா என்னும் வைத்தியர். அவருடைய யோசனைகளைத் துணைகொண்டு பையர்ஸ்டார்ப் உருவாக்கிய பிளாஸ்திரியின் அமைப்பை நாம் கூர்ந்து நோக்குதல் வேண்டும். அடியில் மெல்லிய மஸ்லின் துணி. அதன்மேல் நீர் புகாத கட்டாபெர்ச்சாப் படலம். அப்படலத்தின்மேல், இத்தனை பரப்புக்கு இத்தனை கிராம் என்று கணக்கிட்டுச் சீராகப் பரப்பிய மருந்து. மலாய் நாட்டுக் காடுகளில் வளரும் மரத்தின் பாலிலிருந்து கிடைப்பதும், கடலடித் தந்திக் கம்பிகளுக்கு உறையாகப் பயன்பட்டதுமான கட்டாபெர்ச்சா, இங்கே மருந்தைத் துணிக்குள் ஊறிப்போகவிடாமல் தடுத்துச் சருமத்தோடு பொருந்தி நிற்கச் செய்தது. 1882 மார்ச் 28-ஆம் நாளிட்ட காப்புரிமைப் பத்திரம் இம்முறைக்கு வழங்கப்பட்டது. அந்நாளையே அந்த ஸ்தாபனம் தன் பிறந்தநாளாகக் கொண்டிருக்கிறது.

1890-ல், இளம்பிராயத்து மகனைப் பறிகொடுத்த துயரத்துக்குப் பின், அவர் தம் தொழிலை ஆஸ்கர் டிரொப்லோவிட்ஸ் என்ற மற்றொரு மருந்தாளருக்கு விற்றுவிட்டார். அதனை விரிவாக்கிய பெருமை டிரொப்லோவிட்ஸுக்கே உரியது. அதை நான் குறைத்துப் பேசவில்லை. ஆயினும், சரித்திரம் எழுதுவோர் நோயை ஆராய்ந்த வைத்தியரையும் வாணிபத்தை வளர்த்த முதலாளியையும் போற்றிவிட்டு, இருவருக்கும் நடுவே நின்று துணியையும் பசையையும் நிறையையும் பரீட்சித்துப் பார்த்த மனிதரை ஒரே வரியில் கடந்து செல்வதை என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. வைத்தியரின் யோசனை நோயாளியின் உடம்பை எட்டியது அந்த மருந்தாளரின் உழைப்பினால் அன்றோ?

ஆதலால், கட்டுரை வாசிக்கவிருக்கும் அறிஞர்கள், தாங்கள் ஆராயும் ஒவ்வொரு மருந்தும் எதனால் ஆனது, எப்படி அளக்கப்பட்டது, யார் கையால் செய்யப்பட்டது என்பவற்றையும் தயைகூர்ந்து எடுத்துரைக்குமாறு கேட்டுக்கொண்டு, மாநாட்டின் முதல் அமர்வைத் தொடங்கிவைக்கிறேன்.