சோளம் இட்ட கை



யப்பானிய ஓவியங்களைப் புத்தகங்களிலோ நாட்காட்டிகளிலோ பார்த்தவர்களுக்கு ஒரு காட்சி நினைவில் நிற்கும். வளைந்து நீண்ட பைன் மரக்கிளை. அதன்மேல் வெள்ளைவெளேரென ஒரு பெரிய கொக்கு. அதன் உச்சந்தலையில் குங்குமப் பொட்டு வைத்தாற்போல ஒரு சிவப்பு. மணப்பெண்ணின் ஆடையிலும், 1984இல் வெளியான ஆயிரம் யென் தாளின் பின்புறத்திலும் இந்தக் கொக்கைக் காணலாம். ஆயிரம் ஆண்டு வாழும் பறவை என்பது அவர்களின் பழைய நம்பிக்கை. அணுகுண்டின் கதிர்வீச்சால் நோயுற்று 1955இல் இறந்த ஹிரோஷிமாச் சிறுமி சடக்கோ, படுக்கையிலிருந்தபடி காகிதத்தில் மடித்ததும் இக்கொக்கைத்தான்.

ஆனால், அந்த ஓவியத்தில் ஒரு பிழை உண்டு. இந்தக் கொக்கு மரத்தில் அமர்வதில்லை, அமரவும் முடியாது. அதன் பின்விரல் சிறுத்து, நிலத்தில் படாமல் மேலே நிற்கிறது. கிளையைப் பற்ற அது உதவாது. மரத்திலே அமர்வது பெருநாரை. ஓவியர்கள் இரண்டையும் ஒன்றாக்கிவிட்டார்கள் போலும். இதை எனக்குச் சொன்னவர் ஹொக்கைடோத் தீவிலே எங்களுக்கு ஒருநாள் வழிகாட்டியாக வந்த பெண்மணி. "எங்கள் ஓவியர்களில் எத்தனை பேர் இந்தப் பறவையைக் கிட்ட நின்று பார்த்தார்களோ தெரியாது, சென்செய்" என்று சிரித்தார். ஆசிரியர் என்றறிந்தால் அங்கு எல்லோரும் 'சென்செய்' என்றே அழைக்கிறார்கள். நம் ஊரில் 'சேர்' என்பது போல.

கொக்கு என்று நான் சொல்வதிலும் ஓர் இடர்ப்பாடு இருக்கிறது. நமக்குக் கொக்கு என்றால் வயல் வரம்பிலே மீனுக்குக் காத்து நிற்கும் மெல்லிய வெண்பறவை. நான் சொல்லும் பறவையோ ஒன்றரை மீற்றர் வரை உயரமானது. சிறகை விரித்தால் இரண்டு மீற்றருக்கு மேல். யப்பானியர் இதனைத் 'தாஞ்சோ' என்பர். செவ்வுச்சி என்று பொருள். அச்சிவப்பு இறகு அன்று, இறகற்ற வெறுந்தோல். ஹொக்கைடோவின் ஆதிக்குடிகளான ஐனு மக்கள் இதற்கு வைத்த பெயர் 'சருருன் கமுய்', அதாவது சதுப்பு நிலத்துத் தெய்வம். மூன்று பெயர்களில் இதுவே சிறந்தது என்பது என் எண்ணம். நிலத்தையும் உயிரையும் தெய்வத்தையும் ஒரு சொல்லில் கட்டிவிடுகிறது. முதற்பொருளும் கருப்பொருளும் படித்த நமக்கு இதன் அருமை விளங்கும்.

2019 பெப்ரவரியில் ஆசிரியர் குழுவொன்றுடன் அந்நாட்டுக்குச் சென்றிருந்தபோது கிடைத்த ஓய்வில், குஷிரோ நகரிலிருந்து இந்த ஒருநாட் சுற்றுலாவுக்குப் பெயர் கொடுத்தேன். ஒரு சிறிய வானிலே எட்டுப் பேர். அதிகாலை ஐந்து மணிக்குப் புறப்பாடு. வெளியே பூச்சியத்துக்குக் கீழே 18 பாகை என்று வண்டியின் கருவி காட்டியது. நான் அணிந்திருந்த இரண்டு கம்பளிச் சட்டைகளையும் காற்று ஒரு பொருட்டாக மதிக்கவில்லை.

சுருயி என்ற கிராமத்தில், செத்சுரி ஆற்றுக்குக் குறுக்கே ஒத்தோவா என்றொரு பாலம். சுருயி என்றால் கொக்கு உறையும் இடம். பாலத்தின் மேல் எங்களுக்கு முன்பே முப்பது நாற்பது பேர் கமராக்களோடு நின்றார்கள். ஒருவரும் உரக்கப் பேசவில்லை. பாலத்தைவிட்டு ஆற்றங்கரைக்கு இறங்கக்கூடாது என்பது அங்குள்ள ஒழுங்கு; யாரும் இறங்கவுமில்லை.

விடிய விடிய, ஆற்றிலிருந்து வெண்புகை எழுவது தெரிந்தது. ஊற்றுநீர் கலப்பதால் அந்த ஆறு கடுங்குளிரிலும் உறைவதில்லை. உறைந்த காற்றிலே உறையாத நீர் ஆவியாகிறது. அந்த ஆவி கரையோர மரங்களின் ஒவ்வொரு சுள்ளியிலும் படிந்து வெள்ளிக் கம்பிகளாகிறது. புகைக்குள்ளே சாம்பல்நிறக் கட்டைகள் சில நட்டுவைத்தாற்போல் தெரிந்தன. ஒரு கட்டை கழுத்தை நீட்டியது. அப்போதுதான் அவை கொக்குகள் என்று புரிந்தது. ஆழமற்ற நீரிலே நின்றபடி இரவெல்லாம் உறங்கியிருக்கின்றன. நரி நீருக்குள் சத்தமின்றி வரமுடியாது. உறைபனியைவிட நீரே வெம்மையானது. இரண்டு காரணத்துக்காகவும் ஆறுதான் அவற்றுக்குப் பாய்.

ஐந்திணையில் உறைபனி நிலத்துக்கு இடமில்லை. நம் புலவர்கள் அறியாத நிலம் அது. அதைப் பாட ஒரு சொல்கூடக் கைவசமின்றி நின்றேன் என்பதே உண்மை.

சூரியன் மேலே வந்ததும் இரண்டிரண்டாகவும் மூன்று மூன்றாகவும் எழுந்து எங்கள் தலைக்கு மேலாகப் பறந்தன. மூன்றில் ஒன்று தலை மண்ணிறமான குஞ்சு. அடுத்த முட்டைக்காலம் வரை குஞ்சு தாய்தந்தையோடுதான் திரியும்.

அவை எங்கே பறந்தன என்பதிலேதான் நான் சொல்லவந்த விடயம் இருக்கிறது. அவை பறந்தது சோளத்துக்கு.

ஒரு காலத்தில் இக்கொக்கை ஷோகுனின் அனுமதியின்றி எவரும் தொடமுடியாது. 1868இல் மெய்ஜி ஆட்சி வந்ததும் பழைய தடைகள் தளர்ந்தன, துப்பாக்கிகள் பெருகின, சதுப்பு நிலங்கள் வயலாகின. சில பத்தாண்டுகளில் அந்நாட்டில் தாஞ்சோ அற்றுப்போயிற்று என்றே எண்ணிவிட்டார்கள். 1924இல் குஷிரோச் சதுப்பு நிலத்தின் உள்ளே பத்துப் பதினைந்து பறவைகள் எஞ்சியிருப்பது தெரியவந்தது. 1935இல் அவை இயற்கை நினைவுச்சின்னமாக அறிவிக்கப்பட்டன. ஆனால், அறிவித்தல் பலகையைத் தின்று பறவை உயிர்வாழாது அல்லவா? எண்ணிக்கை ஏறவில்லை.

1952இன் மாரி மிகக் கொடியதாக வந்தது. ஊற்றோடைகளும் உறைந்தன. இரை கிடைக்காத கொக்குகள் வீட்டு வளவுகளை அண்டி வந்தன. பக்கத்து அகான் கிராமத்தில் அதற்கு இரண்டொரு ஆண்டுகளுக்கு முன்பே ஒரு விவசாயி சோளம் போட்டு, அதைக் கொக்கு தின்னக் கண்டிருந்தார். சுருயியிலும் பாடசாலைப் பிள்ளைகளும் ஊரவரும் சோளத்தைப் பனிமேல் தூவினார்கள். அந்த ஆண்டுக் கணக்கெடுப்பில் கிடைத்த தொகை 33. அந்த முப்பத்து மூன்று ஆயிரத்தைத் தாண்டியதில் பிள்ளைகள் தூவிய அந்தச் சோளத்துக்கும் பங்கு உண்டு.

"தூவிய பிள்ளைகளில் என் அம்மாவும் ஒருத்தி. அப்போது அவருக்குப் பத்து வயது. வீட்டிலும் சாப்பாட்டுக்குப் பஞ்சமான காலம். சோளத்தைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு போவாராம்" என்றார் வழிகாட்டி.

அடுத்து எங்களைக் கூட்டிச்சென்ற இடம் இத்தோ காப்பகம். இத்தோ என்ற விவசாயி தமது காணியில் நெடுங்காலம் தீனியிட்டு வந்தார். அங்கு 1987இல் யப்பான் காட்டுப்பறவைச் சங்கம் இக்காப்பகத்தை நிறுவியது. வேலிக்கு இப்பால் நாங்கள். அப்பால் பனிவெளியில் நூற்றுக்கு மேற்பட்ட கொக்குகள். ஒருவர் வாளியோடு நடந்து சோளத்தைத் தூவிவிட்டுத் திரும்பினார். தின்று முடிந்தபின் ஒரு சோடி ஆடத் தொடங்கியது. தலைதாழ்த்தி வணங்குவது, சிறகு விரித்து எம்புவது, காய்ந்த புல்லொன்றை அலகால் மேலே எறிவது. பின்பு இரண்டும் அலகை வானுக்கு நிமிர்த்திக் குரலெழுப்பின. ஆண் ஒருமுறை கூவினால் பெண் இருமுறை கூவும். கேட்பவருக்கு ஒரே பறவையின் குரலென்றே தோன்றும், அவ்வளவு இசைவு. வால்மீகியின் நாவிலே முதற் சுலோகத்தைப் பிறப்பித்த கிரவுஞ்சப் பறவையும் கொக்கினத்தைச் சேர்ந்ததே என்பார் பலர். சோடியில் ஒன்றை வேடன் வீழ்த்த, மற்றதன் அலறல் காவியமாயிற்று என்று வகுப்பிலே எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன். அந்த அலறல் எத்தகையது என்பதை அன்றுதான் ஊகிக்க முடிந்தது.

அருகில் நின்ற வழிகாட்டி அந்தக் கூட்டத்தைக் காட்டிக் கேட்டார்: "அழகாக இருக்கிறது, இல்லையா? எங்கள் சுற்றாடல் அமைச்சுக்கு இதுதான் கவலை."

காரணத்தை விளக்கினார். ஒரே களத்தில் இத்தனை பறவைகள் கூடினால், ஒரு தொற்றுநோய் வந்தால் போதும், முழு இனத்துக்கும் ஆபத்து. மனிதருக்குப் பழகிய கொக்கு பாற்பண்ணைகளுக்குள் நுழைகிறது. மாட்டுக்கொட்டிலில் தீவனச் சோளத்தைத் தின்கிறது. வசந்தத்தில் முளைவிடும் சோளப் பயிரைக் கிளறுகிறது. வீதியிலே வாகனத்தில் மோதுகிறது, மின்கம்பியில் சிக்குகிறது. ஆதலால், 2015இல் அமைச்சு மாரிக்காலத் தீனியை ஆண்டுதோறும் குறைக்கும் திட்டத்தைத் தொடங்கியது. பறவைகள் பிரிந்து வேறு நிலம் தேடிப் போகவேண்டும் என்பது நோக்கம்.

"உங்கள் அம்மா என்ன சொல்கிறார்?" என்று கேட்டேன்.

"கோபிக்கிறார். பசித்து வந்தவரிடம், நீ கூட்டமாக வருகிறாய், ஆகவே பாதிதான் தருவேன் என்று சொல்லலாமா என்கிறார்."

"நீங்கள்?"

உடனே மறுமொழி சொல்லவில்லை. "அமைச்சு சொல்வது சரி. ஆனால், வாளியோடு வருபவர் சீக்கிரம் திரும்பிப் போகும் நாளில், கொக்குகள் அவர் போன வழியையே பார்த்துக்கொண்டு நிற்கும். அதைப் பார்க்க எனக்கு விருப்பமில்லை" என்றார்.

தாயின் பேச்சு அறம். மகளின் பேச்சு அறிவு என்று பிரித்துவிட என்னால் முடியவில்லை. முப்பத்து மூன்று பறவைகளுக்குச் செய்ய வேண்டியது வேறு, ஆயிரத்துக்கு மேற்பட்டவற்றுக்குச் செய்ய வேண்டியது வேறு. எப்போது கையை நீட்டுவது என்பதைப் பத்து வயதுப் பிள்ளையும் அறியும். எப்போது மடக்குவது என்பதுதான் கடினம். அதற்கு அமைச்சும் ஆய்வாளரும் தேவைப்படுகிறார்கள். அவர்களுக்கும் தடுமாற்றம் இருக்கத்தான் செய்யும்.

பிற்பகலைச் சுருக்கிச் சொல்லிவிடலாம். குஷ்ஷரோ ஏரி உறைந்து கிடந்தது. ஒரு கரையில் மட்டும் மணலுக்கடியில் வெந்நீர் ஊறுவதால் பனி உருகி, சைபீரியாவிலிருந்து வந்த அன்னங்கள் அங்கே நீந்தின. மஷு ஏரிக்கு ஆறு வருவதுமில்லை, போவதுமில்லை. 1931இல் அதன் நீர் 41.6 மீற்றர் ஆழம் வரை தெளிந்திருந்ததாகப் பதிவு உண்டு. நாங்கள் போனபோது மூடுபனி. மூடுபனிக்குப் பெயர்பெற்ற ஏரி என்று ஆறுதல் கூறினார்கள்.

வழியில் ஒரு செந்நரி வீதியோரம் வந்து வானை நிமிர்ந்து பார்த்தது. எங்களில் ஓர் இளைஞர் பிஸ்கட்டோடு கண்ணாடியைத் திறக்கப் போனார். வழிகாட்டி சட்டென்று தடுத்தார். அந்த நரிகளிடம் மனிதரின் ஈரலைத் தாக்கும் ஒட்டுண்ணி இருக்கிறது; தீனி கொடுத்தால் வீதிக்கு வந்து வந்து வண்டியில் அடிபடும் என்றார். "கொக்குக்குச் சோளம், நரிக்கு இல்லையா?" என்று இளைஞர் கேட்டார். விளையாட்டாகத்தான் கேட்டார். வழிகாட்டி சிரிக்கவில்லை. "நரி முப்பத்து மூன்றாகக் குறையவில்லையே" என்றார்.

திரும்பும் வழியில் அந்நாட்டுப் பிள்ளைகள் எல்லோரும் அறிந்த ஒரு கதையைச் சொன்னார். காயப்பட்ட கொக்கொன்றை ஓர் ஏழை காப்பாற்றுகிறான். அது பெண்ணாகி வந்து அவன் மனைவியாகிறது. நெய்யும்போது என்னைப் பார்க்கக்கூடாது என்று சொல்லி, அழகிய துணிகளை நெய்து தருகிறது. அவன் ஆசை மீறி எட்டிப் பார்க்கிறான். உள்ளே ஒரு கொக்கு தன் இறகுகளையே பிடுங்கி நெய்துகொண்டிருக்கிறது. பார்த்த பின் அது தங்குவதில்லை, பறந்து போய்விடுகிறது. கினோஷித்தா ஜுன்ஜி 1949இல் இக்கதையை நாடகமாக்கினார். 'நன்றிக்கடன்' என்ற தலைப்பில் இதைப் பிள்ளைகளுக்குச் சொல்வார்களாம். எனக்கென்னவோ கொக்கின் நன்றியைவிட அந்த மனிதன்தான் முக்கியமாகப் பட்டான். காப்பாற்றத் தெரிந்தது அவனுக்கு. விலகி நிற்கத் தெரியவில்லை.

நான் வந்த மறு ஆண்டு, 2020இல், சப்போரோவுக்குக் கிழக்கே நகனுமா என்ற ஊரில் ஒரு தாஞ்சோச் சோடி குஞ்சு பொரித்தது. வெள்ளநீரைத் தேக்குவதற்காக அமைத்த ஒரு நிலத்திலே, உள்ளூர் விவசாயிகள் முன்னின்று கொக்குக்கு இடம் ஒதுக்கியிருந்தார்கள். அப்பகுதியில் நூறாண்டுகளுக்கு மேலாகக் காணாத காட்சி அது. குஷிரோவின் தீனிக்களங்களிலிருந்து அவ்விடம் வெகு தொலைவு. அந்த நிலத்தின் பெயர் மைசுரு. ஆடும் கொக்கு என்று பொருள். பறவை போனபின்பும் பெயர் அங்கேயே இருந்திருக்கிறது. 2021இல் உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் இவ்வினத்தை 'அருகிவரும்' பட்டியலிலிருந்து ஒருபடி இறக்கி, 'அழிவாய்ப்புள்ள' இனம் என்று வகைப்படுத்தியது.

நகனுமாச் செய்தியைப் படித்தபோது, சட்டைப் பையில் சோளம் கொண்டுபோன அந்தத் தாயாரை நினைத்துக்கொண்டேன். அப்போது அவர் எண்பதை நெருங்கியிருப்பார். மகள் இச்செய்தியை அவருக்கு வாசித்துக் காட்டியிருப்பார். கோபம் தணிந்ததோ இல்லையோ, குஞ்சு எத்தனை என்று நிச்சயம் கேட்டிருப்பார்.